வழிகாட்டும் எழுத்தும் வழி நடந்த மக்களும்

கண்டி நகரின் உல்லாசப் பிரயாண விடுதிகளில் இலவசமாகக் கிடைக்கும் எழுத்து வகை ஒன்று உண்டு. மலை நடையையும் வனவிலங்குக் காட்சியையும் ஒரே விடுமுறையில் சேர்த்துத் தருவதாகக் கூறும் பிரயாணக் கையேடே அது. முதற் சில நாள்கள் ஹந்தானை மலையிலும் தும்பறைத் தொடரிலும் நடை. அதன்பின் ஜீப் வண்டியில் கீழிறங்கி வஸ்கமுவவிலோ மின்னேரியாவிலோ யானைக் கூட்டம். வழிகாட்டி உடன் வருவார். உணவுக்கும் படுக்கைக்கும் கவலை வேண்டாம். இத்தகைய எழுத்தை இலக்கிய விமர்சனம் பொருட்படுத்த வேண்டுமா என நண்பர்கள் சிலர் கேட்கக்கூடும். வேண்டும் என்பதே நம் கருத்து. மலையக நாவல்களையும் கவிதைகளையும் படித்தோரைவிட இக்கையேடுகளைப் படித்து மலையகத்தை அறிந்துகொண்டதாக நினைப்போர் அதிகம் என்பதில் ஐயமில்லை. ஒரு மண்ணையும் அதன் மக்களையும் உலகத்தின் கண்ணுக்கு உருவாக்கிக் காட்டும் எழுத்து எதுவாயினும் அது விமர்சனத்துக்கு உரியதே.

அன்றியும், வழிகாட்டும் எழுத்து தமிழருக்குப் புதியதன்று. பத்துப்பாட்டில் சரிபாதி ஆற்றுப்படைகள். அவற்றுள் மலைபடுகடாம் முழுக்க முழுக்க ஒரு மலைவழிக் கையேடு என்றே சொல்லிவிடலாம். செங்கண்மாவை ஆண்ட நன்னனிடம் பரிசில் பெற்றுத் திரும்பும் கூத்தன், வறுமையோடு எதிர்வரும் இன்னொரு கூத்தனுக்கு வழி சொல்வதாகப் பெருங்கௌசிகனார் 583 அடிகளில் பாடியது அது. பன்றிக்குத் தினைப்புனத்தார் வைத்த பொறி எங்கே இருக்கும், பாம்பு உறையும் குழிகள் எவை, பாசி படிந்து வழுக்கும் பாறை எது, யானையை விரட்டப் புனங்காப்போர் வீசும் கவண்கல் எப்படித் தப்பிவந்து வழிப்போக்கனைத் தாக்கும் என்றெல்லாம் அது எச்சரிக்கிறது. எந்தச் சிற்றூரில் யார் வீட்டில் என்ன உணவு கிடைக்கும் என்பதும் அதில் உண்டு. வகுப்பில் இதை நடத்தும்போது, பரீட்சைக்கு மட்டும் படிக்கும் மாணவரும் சற்று நிமிர்ந்து உட்காருவதை நாம் கண்டிருக்கிறோம்.

இவ்விரு வகை எழுத்துக்கும் உள்ள வேற்றுமை காலத்தால் வந்தது மட்டுமன்று. ஆற்றுப்படையில் வழி சொல்பவனும் ஏழை, கேட்பவனும் ஏழை. அவன் காட்டும் மலையில் தினை விதைப்பவன் இருக்கிறான், பரண்மேல் காவல் இருப்பவன் இருக்கிறான், விருந்தினனுக்குச் சோறிடுபவள் இருக்கிறாள். கவண்கல் பறந்து வருகிறது என்றால் அதை வீசிய கை ஒன்று உண்டு. அந்தக் கைக்குக் காக்க வேண்டிய விளைச்சல் ஒன்று உண்டு. தொல்காப்பியர் கருப்பொருளை எண்ணும்போது விலங்கையும் மரத்தையும் பறவையையும் மட்டும் எண்ணி நிறுத்தவில்லை. உணவு, தொழில், பறை, யாழ் என்பவற்றையும் உடன் வைத்தார். இன்றைய கையேடோ விலங்கையும் மரத்தையும் பறவையையும் எடுத்துக்கொள்கிறது, உணவை விடுதியின் சிறப்பாக்கிக்கொள்கிறது, தொழிலை விட்டுவிடுகிறது. தேயிலைச் சரிவு அதில் ‘பச்சைக் கம்பளம்’. கம்பளம் நெய்தவர் யார் என்ற கேள்வி அந்த உவமைக்குள் எழுவதற்கே இடமில்லை.

மலையையும் காட்டையும் ‘சேர்த்துத் தருகிறோம்’ என்ற வாக்கியம் இக்கையேடுகள் அனைத்துக்கும் பொது. நம்மை மிகவும் உறுத்துவதும் அதுவே. சேர்த்துத் தரவேண்டிய நிலை எப்படி வந்தது? அவற்றைப் பிரித்தவர் யார்?

கண்டி இராச்சியம் 1815இல் ஆங்கிலேயர் கைக்குப் போகும்வரை மலையும் காடும் யானையும் ஒன்றாகவே இருந்தன. ரொபர்ட் நோக்ஸ் என்ற ஆங்கில மாலுமி 1660இல் பிடிபட்டு ஏறத்தாழ இருபது ஆண்டுகள் கண்டி அரசனின் கைதியாக இருந்தவன். 1681இல் வெளியான அவனது நூல் இம்மலைநாட்டைப் பற்றி ஆங்கிலத்தில் எழுந்த முதல் விரிவான நூல். அவன் உல்லாசத்துக்காக நடந்தவன் அல்லன். தொப்பி பின்னியும் சில்லறைச் சாமான்களை ஊரூராகச் சுமந்து விற்றும் பிழைத்தவன். இறுதியில் மலையிலிருந்து வடக்கே இறங்கி, அநுராதபுரத்துக் காட்டில் மல்வத்து ஓயாவின் கரையைப் பற்றிக்கொண்டு நடந்து, 1679 அக்டோபரில் மன்னார்க் கரையிலுள்ள அரிப்பில் ஒல்லாந்தர் கோட்டையை அடைந்தான். அதனாலேயே அவன் நூலில் உழவு இருக்கிறது, உணவு இருக்கிறது, மனிதர் ஒருவரோடொருவர் பழகும் முறை இருக்கிறது. பின்னாளில் இதே மனிதன் கப்பல் தலைவனாகி அடிமை வாணிகத்தில் ஈடுபட்டான் என்பதையும் மறப்பதற்கில்லை. ஆனால் அவன் நூலை எழுதியது கைதியின் கண்.

அடுத்த நூற்றாண்டுகளில் வந்தது துப்பாக்கியின் கண். 1840ஆம் ஆண்டின் முடிக்குரிய நிலச் சட்டம், உரிமைப் பத்திரம் காட்ட முடியாத காட்டையும் சேனை நிலத்தையும் அரசுடைமை ஆக்கியது. ஏக்கர் ஐந்து ஷில்லிங் என்ற விலையில் காடுகள் விற்கப்பட்ட காலம் அது. வாங்கியோரில் ஆட்சியாளரே முன்னணியில் நின்றனர். கோப்பிக்காகக் காடு எரிக்கப்பட்டது. யானை அழிக்கப்பட வேண்டிய பிராணி ஆயிற்று. கொன்றவனுக்கு அரசு வெகுமதி கொடுத்தது. மேஜர் ரொஜர்ஸ் என்ற அதிகாரி 1,400க்கு மேற்பட்ட யானைகளைச் சுட்டதாகச் சொல்லப்படுகிறது. 1845இல் அப்புத்தளையில் இடி விழுந்து அவர் மாண்டார். நுவரெலியாவில் பண்ணை அமைத்த சாமுவேல் பேக்கர் 1850களில் எழுதிய வேட்டை நூல்கள் இந்தக் கண்ணின் உச்சம். விறுவிறுப்பான நடை, மறுப்பதற்கில்லை. ஆனால் அவர் பக்கங்களில் இந்நாட்டு மனிதர் சுமை தூக்கவும் தடம் காட்டவுமே வருகின்றனர்; மலையும் விலங்கும் துரையின் வீரத்துக்குக் களம். அவர் கையிலிருந்த துப்பாக்கியை எடுத்துவிட்டுப் புகைப்படக் கருவியை வைத்தால் இன்றைய கையேட்டின் உரைநடை பிறந்துவிடும்.

ஹோட்டன் சமவெளியில் அக்காலத்தில் திரிந்த யானைகள் இன்று அங்கே இல்லை. கண்டியில் யானையைக் காண விரும்புவோர் பெரஹராவுக்குத்தான் செல்ல வேண்டும். அங்கே அது சங்கிலியோடு நடக்கும். மலையேறிய பிரயாணி யானைக்காகத் தாழ்நிலக் காட்டுக்கு இறங்கவேண்டி இருப்பது இயற்கையின் ஏற்பாடன்று. கோப்பியும் தேயிலையும் செய்த ஏற்பாடு அது. பிரித்த வரலாற்றை மறைத்துவிட்டுச் சேர்த்ததற்கு மட்டும் கட்டணம் கேட்பது வாணிகத்துக்கு இயல்பாயிருக்கலாம். வாசகனுக்கு அது இயல்பாகத் தோன்றக் கூடாது.

இனி, மலையையும் காட்டையும் உண்மையாகவே ஒரே பிரயாணத்தில் கண்ட மனிதருக்கு வருவோம். தென்னிந்தியாவில் இராமநாதபுரம், திருச்சி, சேலம், புதுக்கோட்டைப் பகுதிகளிலிருந்து வந்த மக்கள், நோக்ஸ் தப்பிச் சென்று சேர்ந்த அதே மன்னார்க் கரையில் இறங்கி, அவன் வந்த திசைக்கு எதிர்த்திசையில் நடந்தனர். மன்னாரிலிருந்து தம்புள்ளை வழியாக மாத்தளைக்கு ஏறத்தாழ 150 மைல். முதலில் நீரற்ற காடு, பின்னர் மலை. கரடியும் யானையும் சிறுத்தையும் அவர்கள் பார்த்தவைதாம். வாந்திபேதியும் காய்ச்சலும் விலங்குகளைவிடக் கொடியவையாயிருந்தன. நடக்க இயலாதவர் வழியில் விடப்பட்டனர். அவர்களுக்கும் வழிகாட்டி உண்டு. அவர் பெயர் கங்காணி. உணவும் கொடுத்தார், ஊர் சென்று சேருமுன்பே அது கடன் கணக்கில் ஏறியிருந்தது. மலை, காடு, வழிகாட்டி, உணவு, படுக்கை எனக் கையேட்டின் உறுப்புகள் யாவும் 19ஆம் நூற்றாண்டிலேயே வடக்கு வீதியில் நிறைந்திருந்தன.

பாலைக்குத் தனி நிலம் இல்லை. முல்லையும் குறிஞ்சியும் தம் இயல்பு கெடும்போது பாலை தோன்றும் என்பது இளங்கோவடிகள் தந்த விளக்கம். காடும் மலையும் சேர்ந்தால் விடுமுறை என்கிறது கையேடு. காடும் மலையும் கெட்டுச் சேர்ந்த அந்த வழியைப் பாலை என்பதே பொருந்தும். பாலையின் உரிப்பொருள் பிரிவு. 1948இல் குடியுரிமை பறிக்கப்பட்டபோதும், 1964இன் சிறிமா–சாஸ்திரி ஒப்பந்தம் 5,25,000 பேரை இந்தியாவுக்கு என்று எண்ணிக் கணக்கிட்டபோதும், அந்தப் பிரிவு திசை மாறித் தொடர்ந்தது. நடந்து ஏறியவரின் பேரப்பிள்ளைகள் கண்டியிலும் மாத்தளையிலும் ரயிலேறித் தலைமன்னார்க் கப்பலுக்குச் சென்றனர்.

இந்த வழியை நமது எழுத்தாளர் மறந்தனர் என்று சொல்வதற்கில்லை. புதுமைப்பித்தன் 1930களில் ‘துன்பக்கேணி’யை எழுதினார். கோகிலம் சுப்பையாவின் நாவலுக்குத் ‘தூரத்துப் பச்சை’ என்று பெயர், 1964இல் வந்தது. சுற்றுலாக் கையேடுகள் அனைத்துக்கும் சேர்த்து ஒரு விமர்சனம் எழுத வேண்டுமாயின் அந்த இரண்டு சொற்கள் போதும். இவர்களுள் நாம் மிக உயர்வாக மதிப்பது சி. வி. வேலுப்பிள்ளையை. பூண்டுலோயாவில் மடக்கும்புரைத் தோட்டத்தில் பிறந்தவர். 1947இல் தலவாக்கலையின் நாடாளுமன்ற உறுப்பினரானவர். தேயிலைத் தோட்டத்தைப் பற்றி அவர் ஆங்கிலத்தில் எழுதிய நெடுங்கவிதை பறையின் அதிர்வோடு தொடங்குகிறது. விடியுமுன் தொழிலாளரைப் பிரட்டுக்களத்துக்கு எழுப்பும் தப்பொலியைக் கேட்டு வளர்ந்த செவிக்கே அத்தகைய தொடக்கம் வாய்க்கும். கையேடு கைவிட்ட பறையும் தொழிலும் அவர் எழுத்தில் உரிய இடத்துக்குத் திரும்பி வருகின்றன. இக்கவிதையைச் சக்தீ பால ஐயா தமிழாக்கினார். மலையேற வருபவர் கையில் முதலில் கொடுக்கத்தக்க நூல் இதுவே.

காட்டுப் பகுதியின் கதையும் வேறன்று. தும்பறை என்னும் பெயரில் உள்ளூரார் மூடுபனியைக் கண்டனர். ஆங்கிலேயர் அதே தொடரில் மடக்கிய கையின் விரல் முட்டிகளைக் கண்டு நக்கிள்ஸ் என்றனர். அதன் அடிவாரத்துப் பள்ளத்தாக்கில் விக்டோரியா அணை கட்டப்பட்டபோது பழைய தெல்தெனிய நகரும் பல கிராமங்களும் 1984இல் நீருள் மறைந்தன. அங்கிருந்து எழுப்பப்பட்ட குடும்பங்களில் பல, கீழே மகாவலியின் ‘சீ’ வலயத்தில் குடியேற்றப்பட்டன. அணைத் திட்டங்களால் இடமிழந்த விலங்குகளுக்காக வஸ்கமுவ தேசிய வனமானதும் அதே 1984இல்தான். மலையிலிருந்து இறக்கப்பட்ட உழவனும் மலையிலிருந்து முன்பே விரட்டப்பட்ட யானையும் ஒரே வேலிக்கு இருபுறமும் நிற்கின்றனர். 2023ஆம் ஆண்டில் மட்டும் நாடெங்கும் 450க்கு மேற்பட்ட யானைகள் மாண்டன; யானைகளால் 150க்கு மேற்பட்ட மனிதர் மாண்டனர். மலைபடுகடாத்தின் புனங்காவலன் இன்றும் பரண்மேல்தான் இருக்கிறான். ஜீப்பில் இருப்பவர் அவனைக் காண்பதில்லை. கையேட்டில் அவன் இல்லை.

மலையில் நடப்பதையோ யானையைப் பார்த்து மகிழ்வதையோ நாம் இகழவில்லை. உழைக்கும் மக்களுக்கும் அவர்தம் பிள்ளைகளுக்கும் அந்த ஓய்வும் மகிழ்ச்சியும் வாய்க்கவில்லையே என்பதே நம் குறை. 2023இல் முழுமையாகத் திறக்கப்பட்ட பெக்கோ நடைவழி நல்ல உதாரணம். ஹந்தானையில் தொடங்கிக் கலஹா, லூல்கந்துர வழியாக 300 கிலோமீட்டருக்கு மேல் 22 பகுதிகளாகச் செல்வது. ஐரோப்பிய ஒன்றியமும் அமெரிக்க உதவி நிறுவனமும் அதற்கு நிதி அளித்தன. தோட்டத்து இளைஞர் சிலருக்கு வழிகாட்டி வேலையும், வீடுகள் சிலவற்றுக்கு விருந்தினர் வருவாயும் அதனால் கிடைக்குமானால் வரவேற்போம். ஆயினும் அவ்வழி ‘துரைமார் தேயிலையை வண்டியில் ரயிலடிக்கு அனுப்பிய பழம்பாதை’ என்றுதான் அறிமுகம் செய்யப்படுகிறது. பாதை வெட்டியவர் வாக்கியத்தில் இல்லை. நாட்சம்பளம் 1,000 ரூபா வேண்டும் என்று ஆண்டுக்கணக்கில் போராடி 2021இல்தான் அதைப் பெற்ற தொழிலாளரின் லயங்களை ஒட்டியே அப்பாதை செல்கிறது. 2025 நவம்பர் இறுதியில் டிட்வா புயல் கொணர்ந்த மழையில் மலைகள் சரிந்தன. நாடு முழுவதிலும் 600க்கு மேற்பட்டோர் மாண்டனர். மிகுதியான உயிர்களைப் பறிகொடுத்த மாவட்டங்களுள் கண்டியும் ஒன்று. கையேடு புகழும் அதே ‘செங்குத்தான எழில்’தான் அன்று இறங்கி வந்தது.

லூல்கந்துரவில் 1867இல் 19 ஏக்கரில் தேயிலை பயிரிட்ட ஜேம்ஸ் டெயிலர் உட்கார்ந்து மலையைப் பார்த்ததாகச் சொல்லப்படும் கல்லாசனத்தை இன்றும் வழிகாட்டிகள் காட்டுகின்றனர். அவர் 1892இல் இறந்தார். கண்டி மஹியாவ மயானத்தில் அவருக்குக் கல்லறை உண்டு, அதைத் தேடிச் சென்று பார்ப்போரும் உண்டு. அந்த 19 ஏக்கரில் முதற் குழி வெட்டியவர்களின் பெயர்களை எந்தக் கையேடும் அச்சிட்டதில்லை. மன்னாரிலிருந்து மாத்தளைவரை விழுந்தவர்கள்மேல் வீதி அகலப்படுத்தப்பட்டு, இப்போது அதில் பிரயாணிகளின் ஜீப்புகள் தம்புள்ளைக்கு ஓடுகின்றன.