குரல் எனும் அமானிதம்: பி. எச். அப்துல் ஹமீதின் ஒலிபரப்புக் கலை

ஆரணியின் குழித்தறியில் அமர்ந்த நெசவாளிக்குக் கைகள் நாடாவிலும் கால்கள் மிதியிலும் கண்கள் பாவிலும் கட்டுண்டு கிடக்கும். அவருக்கு விடுதலையாக எஞ்சிய புலன் செவி ஒன்றே. எனவேதான் எழுபதுகளிலும் எண்பதுகளிலும் இவ்வூர் நெசவு வீடுகளில் தறிக்கு அடுத்த மதிப்பு வானொலிப் பெட்டிக்கு இருந்தது. அத்தெருக்களின் வழியே மதரஸாவுக்கு நடந்து சென்ற எம் போன்றோரின் காதில், தறியோசைக்கு ஊடே ஒரு குரல் வந்து விழும். பாடல் முடியும், அக்குரல் தன் பெயரைச் சொல்லும். அப்துல் ஹமீத் என்ற அப்பெயரை, முஸ்லிம் அல்லாத அந்நெசவாளர்கள் தம் வீட்டுப் பிள்ளையின் பெயரைப் போல உரிமையோடு சொல்லக் கேட்டிருக்கிறோம்.

இலங்கை வானொலியின் அறிவிப்பாளர் பி. எச். அப்துல் ஹமீத் அவர்களைப் பற்றி நம் சமுதாயத்தில் இருவகைப் பேச்சுகள் உண்டு. ஒரு சாரார் அவர் நம்மவர் என்று பெருமை கொள்வர்; அதற்குமேல் ஒன்றும் சொல்லார். மற்றொரு சாரார், திரைப்பாடல்களை அறிவித்தவர்தாமே என்று ஒதுக்கிவிடுவர். பெருமிதமும் புறக்கணிப்பும் திறனாய்வு ஆகா. அவர் தம் குரலை எதற்குப் பயன்படுத்தினார், அதிலிருந்து நாம் கற்க வேண்டியது என்ன என்பதே இங்கு நாம் ஆராயப் புகும் பொருள்.

முதலில் அவர் நின்ற களத்தைக் காண்போம். கொழும்பில் வானொலி ஒலிபரப்பு 1925இல் தொடங்கியது. 1952இல் இந்தியாவில் ஒலிபரப்புத் துறை அமைச்சரான பி. வி. கேஸ்கர், சாஸ்திரிய சங்கீதத்தின் மேன்மை கருதித் திரைப்பாடல்களை அகில இந்திய வானொலியிலிருந்து விலக்கலானார். 1957இல் விவித பாரதி தோன்றும்வரை அவ்விடம் வெற்றிடமாகவே இருந்தது. இந்திய நேயர்கள் கொழும்பின் பக்கம் செவி திருப்பினர். அதே 1952இல் இலங்கை வானொலியின் இந்தி ஒலிபரப்பில் அமீன் சயானி ‘பினாக்கா கீத்மாலா’வைத் தொடங்கினார். அவருடைய அன்னை குல்சும் சயானி, எளிய மொழியில் மக்களுக்கு எழுத்தறிவூட்ட ‘ரஹ்பர்’ என்ற இதழை நடத்தியவர். 2024இல் மறைந்த அமீன் சயானியின் எளிய ஹிந்துஸ்தானி அந்தப் பட்டறையில் தீட்டப்பெற்றது. தமிழில் அத்தகைய பணியைச் செய்தவர்களுள் தலையாய ஒருவர் அப்துல் ஹமீத். கொழும்பில் பிறந்த அவர், சிறுவர் நிகழ்ச்சியில் தொடங்கி வானொலி நாடகங்களில் நடித்துத் தேர்ந்து, பின்னரே அறிவிப்பாளர் ஆனார்.

அதே இலங்கை அக்காலத்தில் தமிழுக்கு மற்றொரு குரல்வகையையும் தந்தது. ‘பொப்’ இசை என்று அந்நாட்டார் எழுதும் துள்ளிசை அது. அதன் முடிசூடா மன்னராக விளங்கியவர் ஏ. இ. மனோகரன். ‘சுராங்கனி’ அவர் குரலில் தமிழகத்தின் மூலைமுடுக்கெல்லாம் ஒலித்தது. அவர் பின்னர் திரைப்பட நடிகராகவும் அறியப்பெற்று, 2018இல் சென்னையில் காலமானார். பாப் பாடகரின் கலை, கேட்பவரின் கவனத்தைத் தன்பால் ஈர்த்து நிறுத்தும் கலை. அங்கே பாடகரே பொருள். அறிவிப்பாளரின் கலையோ வாயிற்படியைப் போன்றது. வீட்டுக்குள் நுழைந்தவர் படியை நினைப்பதில்லை. படி சரியாக இல்லாவிடில்தான் தடுக்கி விழுவர்.

ஒருவகையிலிருந்து மற்றொரு வகைக்கு மாறியவர்களும் உளர். பிரிட்டனின் புகழ்பெற்ற பாப் பாடகராயிருந்த கேட் ஸ்டீவன்ஸ் 1977இல் இஸ்லாத்தைத் தழுவி யூசுஃப் இஸ்லாம் ஆனார். இசையுலகை விட்டு நீங்கினார். நெடிய இடைவெளிக்குப் பின் 1995இல் நபிகள் நாயகம் (ஸல்) அவர்களின் வாழ்க்கையை உரைத்துப் பதிவுசெய்த ஒலிப்பேழையை வெளியிட்டார். 2006இல் அவர் மீண்டும் பாப் இசைக்குத் திரும்பியதும் உண்மையே. இசை குறித்து இமாம் கஸ்ஸாலி (ரஹ்) அவர்கள் இஹ்யாவில் வகுத்த வரையறைகளும், இப்னுல் ஜவ்ஸீ (ரஹ்) அவர்களின் கண்டனங்களும் நம் மாணவர்கள் அறிந்தவை. அவ்விவாதத்தை இங்கு நாம் திறக்கவில்லை. பாடும் குரலுக்கும் எடுத்துரைக்கும் குரலுக்கும் இடையிலுள்ள வேறுபாடே நம் அக்கறை.

அவ்வேறுபாட்டை நம் மரபு தொடக்கத்திலேயே அறிந்திருந்தது. பாங்கின் சொற்களைக் கனவில் கண்டவர் அப்துல்லாஹ் இப்னு ஸைத் (ரலி) அவர்கள். ஆயினும் அச்சொற்களைப் பிலால் (ரலி) அவர்களுக்குக் கற்பிக்குமாறு பெருமானார் (ஸல்) அவர்கள் பணித்தார்கள். பிலாலின் குரல் எட்டத்துக்குச் செல்வது என்பதே காரணம். சொல் ஒருவரிடம் இருந்தது. அதைக் கொண்டு சேர்க்கும் குரல் மற்றொருவரிடம் இருந்தது. குரலுடையவர் சொல்லுக்கு உரிமையாளர் அல்லர். அதைப் பழுதின்றிச் சேர்ப்பிக்கும் பொறுப்பாளர். அமானிதம் என்பது இதுவே. அப்துல் ஹமீதின் ஒலிபரப்பை இந்த உரைகல்லில் உரைத்துப் பார்த்தால் அவருடைய பொன்னும் தெரியும். மாற்றுக் குறைவும் தெரியும்.

முதலாவது, உச்சரிப்பு. எழுத்துகள் பிறக்கும் இடத்தை ஆராய்ந்த மரபுகள் இரண்டுக்கு நாம் வாரிசுகள். கலீல் இப்னு அஹ்மத் தம் அகராதியையே தொண்டையில் பிறக்கும் ஐனிலிருந்து தொடங்கி, மக்ரஜுகளின் வரிசையில் அமைத்தார். ஸீபவைஹி அத்துறையை மேலும் நுணுக்கினார். இங்கோ தொல்காப்பியர் எழுத்ததிகாரத்தில் பிறப்பியல் என ஓர் இயலே வகுத்தார். அரபி ‘ளாத்’ எழுத்தின் மொழி எனப் புகழப்படுவதைப் போலத் தமிழ் ழகரத்தின் மொழி எனப் போற்றப்படுகிறது. அப்துல் ஹமீதின் வாயில் ல, ள, ழ மூன்றும் தத்தம் இடத்தில் பிறந்தன. ரகரமும் றகரமும் மயங்கவில்லை. அவர் அதை வித்தையாகக் காட்டிக்கொள்ளவும் இல்லை. ழகரத்தை வலிந்து உருட்டுவோரின் செயற்கை அவரிடம் இராது. தஜ்வீதில் மிகை செய்தலும் குற்றமே என்று நம் உஸ்தாதுகள் கற்பித்ததை அவர் தமிழில் கடைப்பிடித்தார்.

இரண்டாவது, பெயர் கூறும் ஒழுக்கம். பாடலுக்கு முன்னரோ பின்னரோ திரைப்படத்தின் பெயர், பாடலாசிரியர், இசையமைப்பாளர், பாடியோர் என அனைவரையும் குறிப்பிடுவது இலங்கை வானொலி வளர்த்த பண்பு. ஹதீஸ் கலை பயின்ற நமக்கு இது அயலானது அன்று. மத்ன் மட்டும் போதாது, ஸனதும் வேண்டும் என்பது நம் முன்னோர் விதி. யார் சொன்னார், யார் வழி வந்தது என்று கூறாத செய்தியை அவர்கள் ஏற்கவில்லை. மேடையில் பாடகருக்கே கைதட்டல் கிடைக்கும்; எழுதியவர் இருட்டில் நிற்பார். கவி கா. மு. ஷெரீப் போன்றோர் பாடலாசிரியர்கள் என்ற நிலையில் எளிய நேயரின் நினைவில் தங்கினார்கள் என்றால், அதில் இவ்வறிவிப்பாளர்களுக்கும் ஒரு பங்கு உண்டு. பிறருக்குரியதை அவரவர்க்குச் சேர்ப்பித்தலும் அமானிதத்தில் அடங்கும்.

மூன்றாவது, ‘பாட்டுக்குப் பாட்டு’. வானொலியில் அவர் வளர்த்த அந்நிகழ்ச்சி தொண்ணூறுகளில் சன் தொலைக்காட்சி வழியே தமிழகத்தின் வீடுகளுக்குள் நுழைந்தது. நடத்துநர் ஓரெழுத்தைத் தருவார். அவ்வெழுத்தில் தொடங்கும் பாடலைப் போட்டியாளர் பாட வேண்டும். ஒரு விளையாட்டின் போர்வையில் எழுத்துணர்வையும் சொற்பிழையின்மையையும் அவர் வலியுறுத்தினார் என்பதை மறுப்பதற்கில்லை. ஆனால் நம் குறையையும் இங்கே பதிவு செய்தாக வேண்டும். பாடலின் முதலெழுத்தே நுழைவுச் சீட்டாகும்போது, அதன் கருத்து என்ன, கவிதை எத்தரத்தது என்ற வினா எழவே இடமில்லை. தேர்ந்த பாடலும் தாழ்ந்த பாடலும் அங்கே ஒரே விலைக்குப் போயின. தங்கத்தையும் பித்தளையையும் பிரித்தறியத் தெரிந்த செவி அவருடையது. அச்செவியின் தீர்ப்பை நேயருக்கு அவர் போதிய அளவு வழங்கவில்லை. அவருடைய பண்பு தீர்ப்புரைக்கத் தயங்கிற்று என்பது எம் கணிப்பு. வாயிற்படியாக இருப்பதன் சிறப்பும் இதுதான், எல்லையும் இதுதான்.

நான்காவதாகக் கூறுவது கலையினும் பெரிது. இலங்கையில் தமிழ் பேசும் மக்களிடையே முஸ்லிம்களுக்கும் ஏனையோருக்கும் இடையே விழுந்த பிளவு நாம் அறிந்ததே. 1990 ஆகஸ்டில் காத்தான்குடிப் பள்ளிவாசல்களில் தொழுதுகொண்டிருந்தோருள் நூற்றுக்கும் மேற்பட்டோர் சுட்டுக் கொல்லப்பட்டனர். அவ்வாண்டு அக்டோபரில் வட மாகாண முஸ்லிம்கள் தம் மண்ணிலிருந்து வெளியேற்றப்பட்டனர். ஒரே மொழி பேசியும் ஒரே மண்ணில் வாழ இயலாத அந்நாள்களிலும், அதன் பின்னரும், அப்துல் ஹமீத் என்ற பெயர் தாங்கிய குரல் தமிழரின் பொதுக்குரலாக ஏற்கப்பட்டே இருந்தது. ஒரு குரலால் காயம் ஆறிவிடாது. ஆயினும் தமிழ் இன்னாருக்கு மட்டும் உரியது என்று சொல்ல முனைந்தோருக்கு அக்குரல் ஒரு மறுப்பாக நின்றது. அவர் அதற்காக வாதிடவில்லை. தமிழைச் செம்மையாகப் பேசினார். அதுவே போதுமானதாயிற்று.

இதற்கு அவர் ஒரு விலையும் கொடுத்தார் என்று வாதிடுவோர் உண்டு. வாப்பா, உம்மா, பசியாறுதல் என்னும் நம் வீட்டுச் சொற்கள் அவருடைய பொதுத்தமிழில் ஒலிக்கவில்லையே என்பது அவர்கள் குறை. இக்குறையில் ஓரளவு நியாயம் உண்டு. ஆனால் அப்பழியை ஒருவர் தலைமேல் ஏற்றுவது நீதியன்று. பொதுச்சாலையில் நடப்பவர் தம் வீட்டை மறந்தவர் ஆகார். நம் வழக்குச் சொற்களை நாவலிலும் நாடகத்திலும் ஒலிவாங்கியின் முன்பும் கொண்டு செல்லும் கடமை நம் அனைவருக்கும் உரியது. அரபியில் இல்லாத தமிழ் ஒலிகளுக்காக அரபி எழுத்துகளின்மேல் புள்ளியிட்டுப் புது எழுத்துகளைச் சமைத்த அரபுத்தமிழ் முன்னோர், இரு மொழிகளின் ஒலியையும் சமமாக மதித்தவர்கள். அம்மதிப்பை நாம் எங்கே தொலைத்தோம்?

இவ்வினா எம்மையே முதலில் சுடுகிறது. அரபிக் கல்லூரிகளில் ‘ளாத்’தின் மக்ரஜுக்காக மாணவனை நாள்கணக்கில் நாவு திருத்தச் செய்கிறோம், அது கடமையே. அதே மாணவன் பட்டம் பெற்று மிம்பர் ஏறித் தமிழில் பயான் செய்கையில் ‘தொழுகை’யைத் ‘தொளுகை’ என்றும் ‘வாழ்க்கை’யை ‘வால்க்கை’ என்றும் சொன்னால் நாம் திருத்துவதில்லை. அரபி எழுத்துப் பிழைத்தால் பொருள் மாறும் என்று அஞ்சும் நாம், தமிழெழுத்துப் பிழைத்தால் கேட்பவர் மனம் மாறும் என்பதை எண்ணுவதில்லை. குரலைத் தாழ்த்திப் பேசுமாறு லுக்மான் (அலை) அவர்கள் மகனுக்கு அறிவுறுத்தியதைக் குர்ஆன் எடுத்துரைக்கிறது. நம் ஒலிபெருக்கிகளோ அதைக் கேட்டதாகத் தெரியவில்லை. ஆசிரியப் பணியில் இருக்கும் நாமும் இக்குற்றத்தில் பங்காளிகளே.

திரைப்பாடலை அறிவித்தவர் என்று நாம் ஒதுக்கிய ஒருவர், ஒரு பாடலை அறிமுகம் செய்யும் சில நொடிகளுக்காகத் தம் நாவைப் பண்படுத்தினார். அல்லாஹ்வின் வேதத்தை விளக்க மிம்பர் ஏறும் நாம் அதனினும் குறைவாக உழைக்கலாமா? அரபிக் கல்லூரிகளின் பாடத்திட்டத்தில் தஜ்வீதுக்கு அருகே தமிழ் ஒலிப்புப் பயிற்சிக்கும் வாரத்துக்கு ஒரு மணி நேரமேனும் ஒதுக்க வேண்டும் என்று இவ்விதழின் வழியே வேண்டுகிறோம். பிறப்பியலும் மக்ரஜும் ஒரே வகுப்பில் கற்பிக்கப்படுவதற்குத் தடையேதும் இல்லை.

ஆரணியில் இன்று தறிக்கருகே கைப்பேசி இருக்கிறது. ஆளுக்கொரு செவிக்கருவி, ஆளுக்கொரு குரல். தெரு முழுவதும் ஒரே குரலைக் கேட்ட காலம் போயிற்று. ஆயினும் வெள்ளிதோறும் பள்ளிவாசலின் ஒலிபெருக்கி அத்தெரு முழுவதற்கும் இன்றும் கேட்கிறது. தறியில் அமர்ந்திருக்கும் அந்த நெசவாளியின் செவி இன்னும் விடுதலையாகவே உள்ளது. நம்மிடமிருந்து அச்செவிக்குச் செல்வது எத்தகைய தமிழ் என்பதற்கு நாமே பொறுப்பாளர்கள்.