பேயாக்கியது யார்?

சுவாமிமலைச் சிற்பக் கூடமொன்றில் கண்டோம் அந்தச் சிலையை. வற்றிய மார்பு, எண்ணத்தக்க விலா எலும்புகள், கையிலே தாளம். மெழுகால் வடித்து, காவிரி வண்டல் மண் பூசி, சூட்டில் மெழுகு உருகி ஓடிய வெற்றிடத்திலே உலோகம் வார்த்துச் செய்த உருவம். காரைக்கால் அம்மையாராம்! கைகூப்புகின்றனர் பக்தர்கள். நாம் கேட்கிறோம்: உருகி ஓடிய புனிதவதி எங்கே?

12ஆம் நூற்றாண்டில் சேக்கிழார் இயற்றிய பெரிய புராணம் விடை சொல்கிறது. மாங்கனி அற்புதம் கண்டு, மனைவியைத் தெய்வமென அஞ்சி ஓடுகிறான் வணிகன் பரமதத்தன். பாண்டிநாட்டிலே மறுமணம் புரிகிறான். பிறந்த மகளுக்குப் புனிதவதி என்றே பெயரிடுகிறான். தேடி வந்த முதல் மனைவியின் காலிலே குடும்பத்தோடு விழுகிறான். வாழ்வும் போயிற்று, பெயரும் போயிற்று! அதன் பின்னரே, அவனுக்கெனச் சுமந்த தசையை உதறிப் பேயுருவை வேண்டுகிறாள் அவள். மறுமணம் புரிந்தவனை எவரேனும் தசையை உதறச் சொன்னார்களா?

1915இல் வெளிவந்த காப்காவின் ‘உருமாற்றம்’ கதையிலே கிரிகோர் சாம்சா பூச்சியாக விழிக்கிறான். பொருளீட்டியவரை மகன், இயலாதபோது அருவருப்பு! அவன் அவ்வுருவைக் கேட்டுப் பெறவில்லை. புனிதவதியோ கேட்டுப் பெற்றாள். கணவனின்றிப் பெண்ணுடலுக்குப் பொருளில்லை என்ற சமுதாயம், அப்படிக் கேட்கும் நிலைக்கு அவளைத் தள்ளிற்று. அச்சம் தருவது எலும்புக்கூடு அன்று, தோழர்களே, அந்தச் சமுதாயமே!

1973இல் வந்த ‘காரைக்கால் அம்மையார்’ திரைப்படத்தில் புனிதவதியாக இலட்சுமியும், அம்மையாராக கே. பி. சுந்தராம்பாளும் நடித்தனர். ஒருத்தியை இருவராகப் பிளந்த கதைக்கு இரு நடிகையர் தேவைப்பட்டதில் வியப்பென்ன?

ஆனால் சேக்கிழாருக்குப் பல நூற்றாண்டுகள் முன்னரே அவர் பாடிய நூல்களைத் திறந்து பாருங்கள். அற்புதத் திருவந்தாதியின் 101 பாக்களிலே பரமதத்தனும் இல்லை, மாங்கனியும் இல்லை. ‘காரைக்கால் பேய்’ என்று தம் பாட்டிலே தாமே கையெழுத்திடுகிறார் அவர். அந்தப் பக்தி நமக்கு உடன்பாடன்று. ஆயினும் அந்தாதிக்கும் பதிகத்துக்கும் தமிழிலே வழிதிறந்த புலவர் அவர் என்பதை மறுப்போமா? அவருக்குப் பேய் என்பது புலவரின் பெயர். புராணமோ அதைக் கைவிடப்பட்ட மனைவியின் கோலமாக்கிற்று!

ஆண்டுதோறும் ஆனியிலே காரைக்காலில் மாங்கனி இறைக்கிறார்கள். இறைக்கும் கைகள் ஒருநாள் அவர் நூலையும் ஏந்தட்டும். வகுப்பறையிலே நம் பெண்மக்களுக்கு மாங்கனிக் கதையை நிறுத்துவோம். ஒரு புலவர் இருந்தார் என்று தொடங்குவோம்!