நாகம்மாள் கேட்ட பங்கு

ஆர். சண்முகசுந்தரத்தின் 'நாகம்மாள்' (1942) படித்ததில்லையா? படித்துவிடுங்கள், சின்ன நாவல்தான். கொங்கு நாட்டுப் பேச்சு அதில் மண்வாசனையோடு வருகிறது. அங்கே காடு என்றால் விளைநிலம். கதையே அதைப் பற்றித்தான்.

விதவை நாகம்மாள் கொழுந்தனிடம் தன் பங்கைப் பிரித்துத் தரச் சொல்கிறாள். அவ்வளவுதான். கொலையில் போய் முடிகிறது.

இந்து விதவைக்குச் சொத்தில் பங்கு தந்த 1937 சட்டம் விவசாய நிலத்துக்குச் செல்லாது என்று 1941-ல் ஃபெடரல் கோர்ட் சொல்லிவிட்டது. ஆக, சட்டமே தராததைக் கேட்டவள் இவள். சண்முகசுந்தரம் சட்டமெல்லாம் பேசவில்லை. அவளை உத்தமியாக்கவும் இல்லை. சபாஷ்!

எனக்கு ஒரே ஒரு குறை. அவளைத் தூண்டிவிட ஒரு கெட்டியப்பனைக் கொண்டுவருகிறார். பங்கு கேட்க அவளுக்கு ஒரு ஆம்பளை சொல்லித் தரணுமா என்ன?