கங்கை வந்த ஊரும் இமயத்துச் சித்திரப் படங்களும்

இமயமலைச் சாகசம் என்றால் நம் பிள்ளைகளில் பலர் சொல்லும் பெயர் சோட்டா பீம். 2008இல் போகோ தொலைக்காட்சியில் தொடங்கிய தொடர் அது. அதன் தொடர்ச்சியாக ராஜீவ் சிலகாவின் ஹைதராபாத் நிறுவனமான கிரீன் கோல்டு 2016இல் ‘சோட்டா பீம் இமாலயன் அட்வென்ச்சர்’ படத்தைத் திரைக்குக் கொண்டுவந்தது. லட்டு தின்றால் பலம் வரும் சிறுவனும் அவன் கூட்டாளிகளும் பனிமலைக்குப் போகிறார்கள். பனியையே பார்த்திராத பிள்ளைகளுக்கு அது போதும்.

இதைவிட ஆழமான படம், யுகோ சாகோவும் ராம் மோகனும் முன்னின்று 1990களின் தொடக்கத்தில் உருவாக்கிய இந்திய - ஜப்பானிய ராமாயணம். கையால் வரைந்த அந்தப் படத்தை 2025 ஜனவரியில் தமிழ்க்குரலோடு மீண்டும் வெளியிட்டார்கள். சஞ்சீவிக்காக வடக்கே பறக்கும் அனுமன்தானே நம் பிள்ளைகள் அறிந்த முதல் இமயச் சாகச வீரன்!

தமிழிலேயே எடுத்த சித்திரப் படங்கள் குறைவு. இளையராஜா இசையில் ‘இனிமே நாங்கதான்’ 2007இல் வந்தது. 2014இல் வந்த ‘கோச்சடையான்’ நடிகரின் அசைவைப் பதிவுசெய்யும் நுட்பத்தைத் துணிந்து கையாண்டது. ஆனால் அதன் மையம் ரஜினிகாந்த், குழந்தை அல்ல. தொழில்நுட்பம் நம்மிடம் வந்துவிட்டது, கதை வரவில்லை என்பதே என் எண்ணம்.

கதைக்கு எங்கே போவது? அரியலூர் மாவட்டத்துக் கங்கைகொண்ட சோழபுரத்துக்குப் போகலாம். ஏறத்தாழ 1023இல் சோழப்படை கங்கை வரை சென்று நீர் எடுத்துத் திரும்பியது. சோழ மன்னன் ராஜேந்திரன் கோதாவரிக் கரையில் தன் தளபதியை எதிர்கொண்டதாகத் திருவாலங்காட்டுச் செப்பேடு சொல்கிறது. சோழகங்கம் என்ற ஏரியை நீராலான வெற்றித்தூண் என்றும் அது வர்ணிக்கிறது. போரை விட்டுவிடுவோம். இமயத்துப் பனி உருகி ஓடும் ஆற்றின் நீரைச் சிந்தாமல் காவிரி நாடு வரை கொண்டுவந்த குடங்கள், அவற்றைச் சுமந்த பெயர் தெரியாத ஆட்கள், வழியில் கடந்த ஆறுகள், மொழி புரியாத ஊர்கள்: ஒரு சிறுவர் படத்துக்கு இதைவிட என்ன வேண்டும்? ஓவியர்கள் அக்காலத்து உடையையும் அணிகலனையும் முகபாவத்தையும் ஊகிக்கவும் வேண்டாம். அவ்வூர்ச் சிவன் கோயிலின் தேவகோட்டங்களில் கங்காதரர் சடையில் கங்கையைத் தாங்கி நிற்கிறார். வடவாசல் படியருகே சண்டேசருக்கு இறைவன் மாலை சூட்டுகிறார். நேரில் நின்று வரைந்துகொள்ளலாம்.

இன்னும் பழைய கதை மண்ணுக்கடியில் கிடக்கிறது. அரியலூர், பெரம்பலூர்ப் பகுதி ஒரு காலத்தில் கடல். அங்குள்ள காரை என்ற ஊரில் அம்மோனைட் என்னும் சுருள் ஓட்டுக் கடலுயிரிகளின் புதைபடிவங்கள் கிடைக்கின்றன. அம்மோனைட் புதைபடிவங்கள் இமயத்தின் ஸ்பிதிப் பள்ளத்தாக்கிலும் உண்டு. அங்கே இருந்த கடலின் அடித்தரை, இந்திய நிலம் ஆசியாவோடு மோதியபோது மலையாக உயர்ந்தது. காரையில் ஒரு சுருளைக் கண்டெடுத்த சிறுமி, அதன் உறவைத் தேடி ஸ்பிதிக்குப் புறப்பட்டால் அதுவும் இமயச் சாகசப் படம்தான். அந்தப் படத்தில் அவள் பேசும் தமிழ் அரியலூர்த் தமிழாக இருக்க வேண்டும்.