ஆண்ட்ரூஸின் கிறிஸ்துமஸ் தீவு: ஒரு வாசிப்புக் குறிப்பு

இரும்பையிலிருந்து மரக்காணம் உப்பளம் வரைக்குமான பறவைகளைப் பற்றி எதை எழுத உட்கார்ந்தாலும், "பழைய கணக்கு எங்கே?" என்ற கேள்வியில் போய் நிற்கிறேன். சார்லஸ் ஆண்ட்ரூஸ் எழுதி, 1900-இல் பிரிட்டிஷ் மியூசியம் வெளியிட்ட கிறிஸ்துமஸ் தீவு நூலை எடுத்ததும் அதற்காகத்தான்.

ஜாவாவுக்குத் தெற்கே 135 சதுர கி.மீ. தீவு. கிறிஸ்துமஸ் ஃபிரிகேட் பறவை உலகத்திலேயே கூடு கட்டுவது அங்கே மட்டும்தான். 1897-98-இல் பத்து மாதம் தங்கிய ஆண்ட்ரூஸ் பாறை, செடி, பூச்சி, பறவை எல்லாத்தையும் பதிவு செய்தார். 1914-இல் மேத்யூஸ் அந்தப் பறவைக்கு அவர் பெயரையே வைத்தார்: ஃபிரகேட்டா ஆண்ட்ரூசி.

இதை மனிதர் கைபடாத தீவின் பதிவு என்று படிப்பதில் எனக்கு உடன்பாடில்லை. 1888-லேயே பிரிட்டன் தீவை எடுத்துக்கொண்டது. கோகோஸ் தீவிலிருந்து குடியேற்றமும் நடந்தாச்சு. ஆய்வுச் செலவை ஏற்றவர் ஜான் முர்ரே. பாஸ்பேட் கம்பெனியைத் தொடங்கியவர்களில் ஒருவரும் அவரே. தோண்டப் போகிறவர் காசில் எடுத்த கணக்கு இது.

அதற்காக ஒதுக்கிவிட முடியுமா? ஆண்ட்ரூஸ் 1908-இல் திரும்பப் போனார். தீவுக்கே உரிய இரண்டு எலி இனங்களும் காணோம். கப்பலில் வந்த கறுப்பு எலிகள் கொண்டுவந்த நோய்தான் காரணம் என்பதற்கு 2008-இல் டிஎன்ஏ ஆய்வு ஆதாரம் தந்தது. முதல் கணக்கு இல்லேன்னா இந்த இழப்பின் அளவே தெரிந்திருக்காது.

நூலின் குறை வேறு. அது கரையோடு முடிகிறது. பறவை அப்படி முடிவதில்லை. 2005-இல் கருவி பொருத்திய ஒரு பெண் பறவை, சுமத்ரா, போர்னியோ வழியாக 26 நாளில் சுமார் 4,000 கி.மீ. சுற்றிவிட்டுக் கூட்டுக்கு வந்தது. இறகு நனையும் என்பதால் கடலில் உட்காரவும் முடியாத பறவை. ஈட்டுக்கு ஒரே முட்டை. இன்று தீவில் சுமார் 63 சதவீதம் தேசியப் பூங்கா. 2018-இல் இதை 'மிக அருகிய' நிலையிலிருந்து 'அழிவாய்ப்பு' நிலைக்கு மாற்றினார்கள். நல்ல சேதிதான். ஆனால் பூங்காவின் வேலி கடலுக்குள் போகாது. ஆண்ட்ரூஸிடம் அந்தக் கருவி இல்லை, நம்மிடம் இருக்கிறது.

கழுவெளியை 2021-இல் சரணாலயமாக அறிவித்தார்கள். எல்லை போட்டாச்சு. அங்கே இறங்கும் பறவை உப்பளத்துக்கும் போகும், ஏரிக்கும் போகும். அதையெல்லாம் சேர்த்து ஒரு கணக்கு எடுக்கணும். பத்து வருஷம் கழித்துத் திரும்பப் போய்ச் சரிபார்க்கவும் ஆள் வேணும். ஆண்ட்ரூஸிடம் நான் கற்றுக்கொள்வது அந்த இரண்டாவது பயணத்தைத்தான்.