மூன்றாம் ஊடகமும் இரட்டை வழக்கும்: ஆனைக்கரையை முன்வைத்து ஒரு மதிப்பீடு

1. முன்னுரை

கணிப்பொறி வலையங்களின் வழி நிகழும் கருத்துப் பரிமாற்றத்தைப் பேச்சிலும் அடங்காத, எழுத்திலும் அடங்காத மூன்றாம் ஊடகம் எனக் கொள்வது மொழியியலாரிடையே பெருவழக்காகிவிட்டது. இக்கருத்தை விரிவாக எடுத்துரைத்தவர் டேவிட் கிரிஸ்டல். 2001இல் வெளிவந்த, மொழியையும் இணையத்தையும் பற்றிய தம் ஆங்கில நூலில், இணைய மொழியை எழுதி வைக்கப்பட்ட பேச்சாகக் கொள்வதைவிடப் பேச்சின் பக்கம் ஓரளவு ஈர்க்கப்பட்ட எழுத்தாகக் கொள்வதே பொருந்தும் என அவர் கருதுகிறார். ஆங்கிலத்தை அடிப்படையாகக் கொண்ட இம்முடிவு இரட்டை வழக்கு மொழியாகிய தமிழுக்கு எந்த அளவு பொருந்தும் என்பதை மதிப்பிடுவதே இக்கட்டுரையின் நோக்கமாகும். தமிழும் மலையாளமும் நாள்தோறும் சந்திக்கும் கேரள எல்லைப்புறம் இதற்கு உரைகல்லாகக் கொள்ளப்படுகிறது.

2. ஈர்ப்பும் தேர்வும்

ஆங்கிலத்தில் எழுத்துநடை பேச்சின் பக்கம் நகரும்போது சொற்கள் சுருங்குகின்றன, தொடர்கள் உடைகின்றன, எனினும் வினையின் அடிப்படை அமைப்பு பெரிதும் மாறுவதில்லை. தமிழில் நிலைமை வேறு. 'வருகிறேன்' என்பதற்கும் 'வரேன்' என்பதற்கும் உள்ளது அளவு வேறுபாடு அன்று. இரண்டும் இருவேறு வழக்குகளின் வடிவங்கள். ஒரு வினைமுற்றை எழுதுபவர் இவற்றுள் ஒன்றைத் தெரிந்தாக வேண்டும்.

ஏலத்தோட்டத்தில் வேலை செய்யும் ஒரு பெண் தன் கங்காணிக்குக் கைப்பேசியில் செய்தி விடுப்பதாகக் கொள்வோம். 'அண்ணே, நாளைக்கு வேலைக்கு வரல, புள்ளைக்குக் காய்ச்சல்' என்பது இயல்பான செய்தி. இதனையே 'அண்ணா, நாளை வேலைக்கு வர இயலாது, குழந்தைக்குக் காய்ச்சல்' என்று எழுதினால் பொருள் மாறவில்லை, உறவு மாறிவிடுகிறது. முன்னது கேட்டுக்கொள்வது, பின்னது அறிவிப்பது. ஆகவே தமிழில் இச்செய்தி பேச்சின் பக்கம் ஈர்க்கப்பட்ட எழுத்து அன்று. எழுத்து வடிவம் தேடி வந்த பேச்சே ஆகும். கிரிஸ்டலின் முடிவு இவ்விடத்தில் தலைகீழாகிறது.

3. எழுத்துருவின் வெற்றியும் எழுத்திலக்கணத்தின் விடுபாடும்

பேச்சுக்கு எழுத்து வடிவம் தேடும் இச்சிக்கலைத் தமிழ்க் கணிமை முயற்சிகள் கருத்தில் கொண்டனவா? 1999 பிப்ரவரியில் சென்னையில் நடைபெற்ற தமிழிணைய மாநாட்டை ஒட்டித் தாம், தாப் என்னும் குறியீட்டு முறைகளும் தமிழ்99 விசைப்பலகையும் உருப்பெற்றன. 2010இல் தமிழ்நாடு அரசு யூனிக்கோடையும் டேஸ்16 முறையையும் ஏற்றது. ஒரு கணிப்பொறியில் எழுதியது மற்றொன்றில் சிதைந்து தோன்றிய காலத்திற்கு முடிவு கட்டியவை இத்தகைய முயற்சிகளே; அவற்றின் பயனைக் குறைத்து மதிப்பிட இயலாது. ஆயினும் இவை அனைத்தும் எழுத்தை எவ்வாறு சேமிப்பது, எவ்வாறு உள்ளிடுவது என்ற வினாக்களுக்கே விடை கண்டன. பேச்சை எவ்வாறு எழுதுவது என்ற வினா எழுப்பப்படவே இல்லை.

இதன் விளைவைக் காண்பது எளிது. வரேன், வர்றேன், வாரேன் என ஒரே வினைமுற்று பல வடிவங்களில் எழுதப்படுகிறது. 'அவன்' என்பதன் ஈற்றில் பேச்சில் ஒலிக்கும் மூக்கின உயிருக்குத் தமிழில் குறியே இல்லை. உரோமன் எழுத்தை நாடுவோர் ககர, டகர, பகரங்களின் ஒலிப்பு வேறுபாட்டைக் காட்ட முடிகிறது. ஆனால் நெட்டுயிரை இரட்டித்து எழுதும் பழக்கம் நிலைபெறாமையால் படமும் பாடமும், பதமும் பாதமும் மயங்குகின்றன. உரோமன் எழுத்தில் எழுதுவதைச் சோம்பல் என்றும் மொழிப்பற்றின்மை என்றும் பழிப்போர் இங்குள்ள உண்மைக் குறையைக் காணத் தவறுகின்றனர். பேச்சுக்கு ஏற்புடைய எழுத்திலக்கணம் தரப்படாத இடத்தில் மக்கள் கைக்கு எட்டியதைப் பயன்படுத்துகின்றனர்.

4. ஆனைக்கரை என்னும் சான்று

எல்லைப்புறத்தில் இச்சிக்கல் இருமடங்காகிறது. ஆனைக்கரை இடுக்கி மாவட்டத்தில் குமுளி–மூணாறு சாலையில் உள்ள ஏலக்காய் ஊர். பாலக்காடு மாவட்டத்திலும் இப்பெயரில் ஓர் ஊர் உண்டு. தமிழர் ஆனைக்கரை என்பதை மலையாளத்தார் ஆனக்கர என்பர். தலை–தல, மலை–மல, கடை–கட என்பன போலத் தமிழின் ஐகார ஈறு மலையாளத்தில் அகரமாக நிற்பது ஒப்பிலக்கணம் அறிந்த செய்தி. ஊராரின் செவிக்கு இவ்விரண்டும் ஒரே பெயர். கணிப்பொறிக்கோ இரு வேறு எழுத்துச் சரங்கள். உரோமன் வடிவத்தையும் சேர்த்தால் மூன்று.

யூனிக்கோடில் இந்திய எழுத்துகள் இஸ்கி முறையைப் பின்பற்றி இணையாக அடுக்கப்பட்டுள்ளன. தமிழ்க் ககரத்தின் எண் 2965. மலையாளக் ககரத்தின் எண் 3349. இடைவெளி 384. இதே எண்ணைக் கூட்டினால் தமிழ் ஆகாரம் மலையாள ஆகாரமாகும். ஆனால் 'ஆனைக்கரை' முழுவதையும் இவ்வாறு மாற்றினால் கிடைப்பது ஆனக்கர அன்று; இரண்டு ஐகாரங்களும் அப்படியே நிற்கும். மேலும் றன்னகரம், மலையாளத்தார் அன்றாடம் எழுதாத ஓர் அரிய எழுத்தாக மாறும். அவர்கள் தந்நகரத்திற்கும் றன்னகரத்திற்கும் ஓரெழுத்தையே ஆள்கின்றனர். எழுத்தைக் கூட்டல் கணக்கால் மாற்றலாம். மொழியை மாற்ற இயலாது என்பதற்கு இதனினும் எளிய சான்று வேண்டுவதில்லை.

5. மொழியா, எழுத்தா?

இவ்வேறுபாடு கோட்பாட்டளவில் நின்றுவிடுவதன்று. கேரள ஆட்சிமொழிச் சட்டம் (1969), தமிழ், கன்னடச் சிறுபான்மையினர் தலைமைச் செயலகத்துடனும் துறைத் தலைவர்களுடனும், சிறுபான்மைப் பகுதிகளாக அறிவிக்கப்படும் இடங்களில் உள்ள அரசு அலுவலகங்களுடனும் தத்தம் மொழியில் கடிதப் போக்குவரத்து நடத்தவும், அம்மொழியிலேயே மறுமொழி பெறவும் உரிமை வழங்கியது. சட்டம் உரிமையை மொழியோடு இணைத்தது. கணிப்பொறியோ பெரும்பாலும் எழுத்தைக் கொண்டே மொழியை இனம் காண்கிறது. மலையாளப் பள்ளியில் பயின்றமையால் தமிழெழுத்து அறியாத ஒருவர், வீட்டில் பேசும் தமிழை உரோமன் எழுத்தில் விண்ணப்பமாக எழுதினால், அது சட்டத்தின் கண்ணில் தமிழா, அன்றா? தாளில் அரிதாக எழுந்த இவ்வினா திரையில் நாள்தோறும் எழக்கூடியது.

6. முடிவுரை

மூன்றாம் ஊடகம் என்னும் கோட்பாடு தமிழுக்குத் திருத்தத்தோடு மட்டுமே பொருந்தும். தமிழில் அது எழுத்தின் நெகிழ்ச்சி அன்று. பேச்சு வழக்கின் எழுத்து நுழைவு. எனவே இரண்டு பணிகள் மொழியியலாரை எதிர்நோக்கி உள்ளன: வட்டார வேறுபாடுகளுக்கு இடமளிக்கும் வகையில் பேச்சுத் தமிழின் எழுத்து வடிவங்களை விளக்கமுறையில் தொகுத்தல், தமிழெழுத்தில் இல்லாத தமிழையும் தமிழென இனம் காணும் வழிகளை வகுத்தல். இவற்றைச் செய்யாமல் வலையத்தில் தமிழ் கெடுகிறது என்று வருந்துவது முறையன்று. எழுத்துகளுக்கு எண் கொடுத்துவிட்டோம். பேசுவோருக்கு இன்னும் இடம் கொடுக்கவில்லை.