கறுப்பின் உள்ளடக்கம்: றல்ஃப் ஹொட்டெரேயின் ஓவியங்கள் பற்றிச் சில குறிப்புகள்

அரூப ஓவியம் பற்றி முற்போக்கு விமர்சகரிடையே நெடுங்காலமாக ஓர் ஐயப்பாடு நிலவி வந்துள்ளது. மனிதனையும் அவனது உழைப்பையும் காட்டாத ஓவியம் சமுதாயத்தினின்றும் தப்பியோடுவதே என்பது அதன் சாரம். பல சந்தர்ப்பங்களில் அது நியாயமானதே. ஆயினும், நியூசிலாந்தின் மாவோரி ஓவியரான றல்ஃப் ஹொட்டெரேயின் (1931–2013) ஆக்கங்களை உருவவாதம் என்ற ஒற்றைச் சொல்லால் ஒதுக்கிவிட முடியாதென்பதே எமது கருத்தாகும்.

வடபுலத்தில் ஹொக்கியாங்காத் துறைமுகத்தை அடுத்த மித்திமித்தி எனும் சிற்றூரில், தே அவுப்போரி குலத்துக் கத்தோலிக்கக் குடும்பமொன்றிற் பிறந்தவர் அவர். 1961 இல் புலமைப்பரிசில் பெற்று இலண்டன் சென்றார். ஏவுகணையொன்றின் பெயரைத் தாங்கிய 'பொலாரிஸ்' வரிசை அணுவாயுதத்துக்கு எதிரான குரலாயிற்று. இரண்டாம் உலகப் போரில் மாண்ட தமையனின் கல்லறையை இத்தாலியிற் கண்டதன் விளைவே 'சாங்க்ரோ' ஓவியங்கள். குடியேற்றவாதத்தாற் காணி இழந்த மக்களின் மைந்தன், அதே பேரரசின் போரில் மடிந்தமை நோக்கற்பாலது.

1968 இல் அவர் படைத்த கறுப்பு ஓவியங்களே பெரிதும் பேசப்படுவன. கண்ணாடிபோல் மெருகேறிய கரும்பரப்பு. அதில் மெல்லிய நிறக்கோடுகள். இக்கறுப்பை மாவோரித் தொன்மத்தின் ஆதி இருளெனக் கொள்வோர் உளர். அவ்வாசிப்பை நாம் முற்றாக மறுக்கவில்லை. ஆனால் அங்கேயே நின்றுவிடுவது வரலாற்றைத் தொன்மத்துள் மறைத்துவிடும். தமது ஓவியத்தைத் தமது பிறப்பைக் கொண்டு விளக்குவதை ஹொட்டெரேயே ஏற்கவில்லை. விளக்கம் கூறுவதிலும் அவருக்கு நாட்டமிருந்ததில்லை. (விமர்சகர்க்கு இது சற்றே சங்கடமான விடயந்தான்!)

அக்கரும்பரப்பில் முதலிற் புலப்படுவது பார்ப்பவனின் நிழலே. எம்மைப் பொறுத்தவரை இதுவே அவ்வோவியங்களின் வலிமையும் குறைபாடுமாகும். செல்வந்தரின் வரவேற்பறையிலும் அவை எவரையும் உறுத்தாது தொங்கக்கூடும்.

1980களின் தொடக்கத்தில் நிலைமை மாறுகின்றது. ஒற்றாகோத் துறைமுக வாயிலிலுள்ள அரமோவானா எனும் உவர்ச்சதுப்பு நிலத்தில் அலுமினிய உருக்காலை நிறுவ மூலதனக் கூட்டொன்று முனைந்தது. அருகே போட் சாமர்ஸில் வாழ்ந்த ஹொட்டெரே, பழைய வீடுகளின் யன்னற் சட்டங்களையும் நெளிதகரத்தையும் எடுத்து எதிர்ப்போவியங்களை ஆக்கினார். இங்கு கறுப்புக்கு முகவரி கிடைத்துவிடுகின்றது. உழைக்கும் மக்களின் கூரைத்தகரமே ஓவியத்தின் தளம். எனவே உள்ளடக்கத்தை வேறெங்கும் தேடவேண்டியதில்லை. தென்னாபிரிக்க றக்பி அணியின் 1981 ஆம் ஆண்டுச் சுற்றுப்பயணத்தின்போது பிரித்தானியக் கொடியைக் கறுப்பாக்கியதும் இதே காலத்ததே. மக்களின் எதிர்ப்பும் உலகச் சந்தை நிலவரமும் சேர்ந்து உருக்காலைத் திட்டத்தை வீழ்த்தின.

தீக்கிரையான மீன்பிடிப் படகொன்றின் கருகிய பலகைகளால் 1984–88 காலப்பகுதியில் உருவான 'கரும் பீனிக்ஸ்' அவரது ஆக்கங்களுட் தலையாயது என்போம். ஆனால் துறைமுகத்தை நோக்கிய குன்றிலிருந்த அவரது கலைக்கூடத்தை அவராற் காக்க முடியவில்லை. துறைமுக விரிவாக்கத்துக்காக 1990களில் அக்குன்றின் முனையே வெட்டியகற்றப்பட்டது.